யோகக் கண்

என் மகளின் இடது கண்ணுக்கு எங்கள் வீட்டில் யோகக் கண் என்று பெயர். மாறுகண் என்று யாரும் வாய் தவறிக்கூடச் சொல்லிவிடக் கூடாது. மூக்கைப் பார்த்தபடி உள்ளே திரும்பி நிற்கும் அந்தக் கருவிழியை என் மாமனார் வருகிறவர் போகிறவருக்கெல்லாம் காட்டிப் பெருமைப்படுவார். அவள் பிறந்த வருஷம் நாலு விசைத்தறி எட்டாயிற்று. நடை பழகிய வருஷம் எட்டு பன்னிரண்டாயிற்று. என் கணவர் ராப்பகலாகத் தறியோடு கிடந்தது காரணமில்லையாம். ஒரு பச்சைக் குழந்தையின் கண் இடம் மாறி நின்றதுதான் காரணமாம். அப்போது நானும் கேட்டுச் சிரித்துக்கொண்டிருந்தேன். அந்தச் சிரிப்பை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு என் மேலேயே ஆத்திரம் வருகிறது.

சோமனூருக்குப் பக்கத்தில் ஒரு சின்ன ஊர். வீட்டின் பின்சுவரும் தறி ஷெட்டின் முன்சுவரும் ஒன்றுதான். மாமியார் நான் வாழ்க்கைப்பட்டு வருவதற்கு முன்பே இறந்துபோனார். வீட்டில் மாமனார், கணவர், நான், மகள், ஆக நாலே பேர். தறி ஓட்டுவது கணவரின் பொறுப்பு. நெய்த துணியை ஈரோட்டுச் சந்தைக்குக் கொண்டுபோவது மாமனாரின் வேலை. நான் பக்கத்து ஊர் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் ஆபரேட்டர். தொண்ணூறுகளின் தொடக்கம் அது. வெளியூருக்குப் பேச வேண்டுமென்றால் எங்களைக் கூப்பிட்டு நம்பர் சொல்லிவிட்டுக் காத்திருப்பார்கள்.

செவ்வாய்க்கிழமை விடிகாலையில் மாமனார் சந்தைக்குக் கிளம்பும்போது பேத்திதான் எதிரே வர வேண்டும். தூக்கம் கலையாத குழந்தையை எழுப்பி, முகம் கழுவி, கையில் தண்ணீர்ச் சொம்பைக் கொடுத்து, கேட்டிலிருந்து வாசலை நோக்கி நடக்க வைப்போம். அவர் குனிந்து அந்தக் கண்ணை ஒரு தரம் உற்றுப் பார்த்துவிட்டுத்தான் செருப்பை மாட்டுவார். இந்தப் பேர் ஊருக்குள்ளும் பரவிவிட்டது. யாராவது தோட்டத்தில் போர் போட்டால், துளை போடும் வண்டி வந்து நின்றதும் எங்கள் வீட்டுக்கு ஆள் வரும். குழந்தையைத் தூக்கிக்கொண்டு போய், குறித்து வைத்த இடத்தில் அவள் கையால் மஞ்சள் தண்ணீர் தெளிக்கச் செய்வார்கள். தண்ணீர் பீய்ச்சிக்கொண்டு வந்துவிட்டால் அவளுக்குக் கவுனும் மிட்டாயும் கிடைக்கும். அவளுக்கும் அதெல்லாம் பிடித்துத்தான் இருந்தது. எந்தக் குழந்தைக்குத்தான் பிடிக்காது?

ஐந்தரை வயதில் அவளுக்கு மெட்ராஸ் ஐ வந்தது. வலது கண் வீங்கி, பீளை கட்டி, இமை ஒட்டிக்கொண்டது. இடது கண்ணுக்கு ஒன்றும் ஆகவில்லை. காலையில் பால் டம்ளரை நீட்டினேன். அவளும் கையை நீட்டினாள். கை டம்ளருக்கு ஒரு சாண் தள்ளிப் போய் நின்றது. விளையாடுகிறாள் என்று நினைத்து அதட்டினேன். எழுந்து நடந்தவள் கதவு நிலையில் நெற்றியை இடித்துக்கொண்டாள்.

"ஏனுங்கம்மா லைட்டுப் போடாம இருக்கறீங்க?" என்று கேட்டாள்.

வெளியே சுள்ளென்று வெயில் அடித்துக்கொண்டிருந்தது. ஐந்தரை வருஷமாகக் குளிப்பாட்டி, தலை வாரி, அந்தக் கண்ணுக்குத் திருஷ்டி சுற்றிப் போட்டவள் நான். அது பார்க்கிறதா என்று ஒரு நாளும் சோதித்துப் பார்த்ததில்லை.

வலது கண் சரியானதும் கோயம்புத்தூரில் ஒரு கண் ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போனேன். டாக்டரம்மாவுக்கு என் வயதுதான் இருக்கும். சுருக்கென்று பேசுகிறவர். சுவரில் ஒரு அட்டை மாட்டியிருந்தது. அதில் சீப்பைப் போல மூன்று பல் வைத்த எழுத்து வரிவரியாக, கீழே போகப் போகச் சின்னதாகிக்கொண்டே இருந்தது. பல் எந்தப் பக்கம் பார்க்கிறது என்று குழந்தை கையால் காட்ட வேண்டும். ஏழு வரி. வலது கண்ணால் ஏழையும் கடகடவென்று காட்டிவிட்டாள். வலது கண்ணை மூடியதும் முதல் வரியிலேயே நின்றுவிட்டாள். அந்த முதல் எழுத்து என் உள்ளங்கை அகலம் இருக்கும்.

கண்ணில் கோளாறே இல்லை என்றார் டாக்டரம்மா. நரம்பு நன்றாக இருக்கிறது, உள்ளே எல்லாம் சுத்தமாக இருக்கிறது. இரண்டு கண்ணும் ஒரே இடத்தைப் பார்த்தால்தான் மூளைக்கு ஒரே படம் கிடைக்கும். ஒன்று திரும்பி நின்றால் இரண்டு படம் ஒன்றின் மேல் ஒன்றாக விழும். அந்தத் தொல்லை வேண்டாமென்று குழந்தையின் மூளை ஒரு கண்ணிலிருந்து வருவதை வாங்கிக்கொள்வதையே நிறுத்திவிடும். அப்படியே வருஷங்கள் போனால் அந்தக் கண்ணைக் கொண்டு பார்ப்பது எப்படி என்பதையே மூளை கற்றுக்கொள்ளாது. எனக்குப் பாதிதான் புரிந்தது. என் முகத்தைப் பார்த்துவிட்டு, வீட்டில் என்ன தொழில் என்று கேட்டார். சொன்னேன்.

"பன்னெண்டு தறி ஓடற சத்தம் உங்களுக்கு வீட்ல கேக்குதாம்மா?"

கேட்காது என்றேன். கரண்ட் போய்த் தறி நின்றால்தான் திடுக்கென்று இருக்கும்.

"காது கெட்டா போச்சு? உங்க மூளை வேண்டாம்னு தள்ளிருச்சு. இந்தக் கண்ணையும் அப்படித்தான் தள்ளி வெச்சிருக்கு."

திரும்ப வாங்க வைக்கலாம், ஆனால் வயது இருக்கிறது என்றார். கண்ணை நேராக்குகிற ஆபரேஷனை எப்போது வேண்டுமானாலும் செய்துகொள்ளலாம். பார்வையைப் பழக்குவது ஏழெட்டு வயதுக்குள் நடக்க வேண்டும். அதற்குப் பிறகு மூளை இளகிக் கொடுக்காது. கண்ணாடி போட்டுவிட்டு, நல்ல கண்ணின் மேல் தினமும் ஆறு மணி நேரம் பிளாஸ்திரி ஒட்டி மூட வேண்டும். வேறு வழியில்லாமல் மூளை இடது கண்ணிடம் வந்து நிற்கும். அழுவாள், முட்டிக்கொள்வாள், பிய்த்தெறிவாள், நீங்கள் இளகிவிடக் கூடாது என்று இரண்டு தரம் சொன்னார்.

எனக்கு அதில் நம்பிக்கை உடனே வந்துவிட்டது. எக்ஸ்சேஞ்சில் சேர்ந்த புதிதில் எந்த நம்பருக்கு ஒயரைப் பலகையின் எந்தத் துளையில் செருகுவது என்று தேடியே வியர்த்து வழிந்தவள் நான். ஆறு மாதத்தில், மில் பெயரைச் சொன்னதுமே கை தானாக அந்தத் துளைக்குப் போகும். நான் பக்கத்து சீட்டுக்காரியோடு வம்பு பேசிக்கொண்டிருப்பேன், கை இணைப்புக் கொடுத்துக்கொண்டிருக்கும். பழக்கினால் மூளை வழி போட்டுக்கொள்ளும் என்பதை எனக்கு யாரும் புத்தகத்தைக் காட்டிச் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

வீட்டுக்கு வந்து ஒட்டினேன். கத்தினாள். கத்திக்கொண்டே என்னைப் பார்த்தாள். அப்போதுதான் கவனித்தேன், நல்ல கண்ணை மூடியதும் அந்த இடது கண் மூக்கை விட்டு நகர்ந்து வந்து நேராக நின்றது. பிறந்ததிலிருந்து அந்தக் கண் என்னை நேராகப் பார்த்ததை நான் கண்டது அன்றைக்குத்தான். நான் மாமனாரைக் கூப்பிட்டுக் காட்டினேன். பைத்தியக்காரத்தனம். அவர் முகம் சுண்டிப் போயிற்று.

"கோணலா இருக்கறதுலதான அம்மணி யோகமே இருக்குது. நேரா இருக்கற கண்ணு ஊருல எல்லாத்துக்குந்தான் இருக்குது" என்றார்.

இரண்டு நாள் அவர் என்னோடு பேசவில்லை. மூன்றாம் நாள் என் கணவர் நடுவில் வந்தார். அதிகம் பேசாதவர், யாரையும் கடிந்துகொள்ளத் தெரியாதவர், கல்யாணத்தின்போது இதைத்தான் பெரிய குணம் என்று சொல்லி என் அப்பா சந்தோஷப்பட்டார். குழந்தைக்குப் பள்ளி பன்னிரண்டரைக்கே விட்டுவிடும். நான் டூட்டி முடிந்து பஸ் பிடித்து வர ஐந்தரை ஆகும். ஒட்ட வேண்டிய ஆறு மணி நேரத்தில் முக்கால்வாசி நான் வீட்டில் இல்லாத நேரம். அதை அவர் ஏற்றுக்கொண்டார்.

"நீ டூட்டிக்குப் போ. அவ வந்தொடனே நானே ஒட்டியுட்டுர்றேன். அப்பாகிட்டயும் நான் சொல்லிக்கறேன்."

நான் நம்பினேன். தினமும் ஐந்தரைக்கு வந்தால் பிளாஸ்திரியோடு வாசலில் நிற்பாள். ஆறரைக்கு நான்தான் மெதுவாக உரித்தெடுப்பேன். சமர்த்துக் குட்டி என்று கன்னத்தைக் கிள்ளுவேன். அவள் தலையைக் குனிந்துகொள்வாள். கூச்சம் என்று நினைத்தேன்.

இரண்டு மாதத்துக்கு ஒரு தரம் ஆஸ்பத்திரி. முதல் தடவை போனபோது முதல் வரியிலேயே நின்றாள். போகப் போகச் சரியாகும் என்றார்கள். அடுத்த தடவையும் அதே முதல் வரி. ஒழுங்காக ஒட்டுகிறீர்களா என்று டாக்டரம்மா கேட்டார். சத்தியமாக என்றேன். மூன்றாம் தடவை, சத்தியமெல்லாம் வேண்டாம், எத்தனை மணி நேரம் என்று சொல்லுங்கள் என்றார். ஆறு மணி நேரம் குறையாமல் என்று நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு சொன்னேன். குழந்தை என் புடவைத் தலைப்பைச் சுருட்டிச் சுருட்டி வாயில் வைத்துக் கடித்துக்கொண்டிருந்தாள். நாலாம் தடவை டாக்டரம்மா பேனாவை மூடி வைத்துவிட்டார். சில கண்கள் கேட்பதில்லை, என்ன செய்தாலும் மூளை திரும்பி வருவதில்லை, இன்னும் இரண்டு மாதம் பார்த்துவிட்டு விட்டுவிடலாம் என்றார். பஸ்ஸில் அவளை மடியில் வைத்துக்கொண்டு கோயம்புத்தூரிலிருந்து ஊர் வரைக்கும் அழுதேன். அவள் என் கண்ணைத் துடைத்துவிட்டாள். ஒரு வார்த்தை சொல்லவில்லை.

எட்டு மாதம் ஆகியிருந்தது.

அதற்கடுத்த வாரம் ஒரு நாள், வழக்கம்போல ஆறரைக்கு உரித்தேன். தறி வீட்டில் இருக்கிறவர்களுக்குத் தெரியும், ஷெட்டில் கால் மணி நேரம் நின்றால் போதும், பஞ்சுத் தூசி தலைமேல் படிந்துவிடும். அன்றைக்கு அவள் முடியிலும் புருவத்திலும் சட்டைக் காலரிலும் வெள்ளையாகத் தூசி அப்பியிருந்தது. மதியம் முழுக்க அப்பாவோடு ஷெட்டில் விளையாடியிருக்கிறாள். என் விரலில் இருந்த பிளாஸ்திரி பளிச்சென்று இருந்தது. ஒரு இழை பஞ்சில்லை. ஓரம்கூடக் கறுக்கவில்லை. அவள் கன்னத்தில் பிளாஸ்திரி ஒட்டின தடமும் இல்லை.

எத்தனை நாள் உரித்திருக்கிறேன்! எத்தனை நாள் அந்தச் சுத்தமான பிளாஸ்திரியைக் கையில் பிடித்திருக்கிறேன்! பார்க்க இஷ்டமில்லாததை என் மூளையும் வாங்கிக்கொள்ளாமல் தள்ளியிருக்கிறது. அவளுக்காவது ஆறு வயது. எனக்கு முப்பது.

அன்றைக்கு நான் ஒன்றும் கேட்கவில்லை. மறுநாள் அரை நாள் லீவு சொல்லிவிட்டு இரண்டு மணிக்கு வந்தேன். நேராக ஷெட்டுக்குள் போனேன். என் மகள் நூல் மூட்டை மேல் உட்கார்ந்து முறுக்கு தின்றுகொண்டிருந்தாள். இரண்டு கண்ணும் திறந்திருந்தன. ஸ்விட்ச் போர்டுப் பலகையில், அவளுக்கு எட்டாத உயரத்தில், பிளாஸ்திரி உறை பிரிக்காமல் செருகி வைத்திருந்தது. என்னைப் பார்த்ததும் அவளுக்கு முறுக்கு தொண்டையில் அடைத்துக்கொண்டது.

"ஏனுங்கம்மா, இன்னும் அஞ்சு மணி ஆகலீங்களே" என்றாள்.

ஓங்கி ஒரு அறை விட்டேன். அவளைத்தான். அடிக்க வேண்டிய ஆள் மூன்றாவது தறிக்குப் பக்கத்தில் எண்ணெய்க் கையோடு நின்றுகொண்டிருந்தார். அவரை விட்டுவிட்டுக் குழந்தையை அடித்தேன். இதை எழுதும்போது அந்தக் கை இன்னும் எரிகிறது.

ஷெட்டில் வேலை செய்த அத்தனை பேருக்கும் தெரிந்திருந்தது. நாலரை பஸ் போனதும், அம்மா வருகிற நேரமாயிற்று என்று அவர்களில் ஒருவர்தான் தினமும் ஞாபகப்படுத்துவாராம். ஐந்து மணிக்கு ஒட்டுவார்களாம். அம்மாவிடம் சொன்னால் அப்பாவுக்குத் திட்டு விழும் என்று குழந்தைக்குச் சொல்லி வைத்திருந்தார்களாம். எட்டு மாதமாக என் மகளின் மூளை எதையும் கற்றுக்கொள்ளாமல் இல்லை. என்னிடம் பொய் சொல்லக் கற்றுக்கொண்டிருந்தது, அதுவும் அப்பா மேலிருந்த பாசத்தால்.

தறிகளை நிறுத்தச் சொன்னேன். பன்னிரண்டும் நின்றன. அந்த அமைதியில் அவர் சொன்னார்.

"அழுவுது அம்மணி. கண்ணு தெரியாம தடவிக்கிட்டே வந்து என்ற காலக் கட்டிக்குது. என்னால பாத்துட்டு இருக்க முடியல."

"உங்களால பாக்க முடியலீன்னு அவ கண்ணத் தின்னுபோட்டீங்களே" என்றேன்.

வேலை செய்கிறவர்கள் முன்னால் அவரை அப்படிப் பேசியிருக்கக் கூடாது என்று பிறகு என் வீட்டு மனிதர்களே சொன்னார்கள். பேசினேன். இன்னும் பேசினேன். அதில் பாதி எழுதத் தகாதது. மாமனார் மேல்கூட எனக்கு அவ்வளவு கோபம் வரவில்லை. அவர் எதிரே நின்று வேண்டாம் என்றவர். அவரோடு சண்டை போடலாம், சமாளிக்கலாம். இரக்கம் இருக்கிறதே, அதுதான் கழுத்தை அறுக்கும். அது அழுகிற குழந்தையைத் தூக்கிக் கொஞ்சும், நல்லவர் என்று ஊரில் பேர் வாங்கும், அவள் எதைத் தொலைக்கிறாள் என்று ஒரு நாளும் கேட்காது. குழந்தையின் அழுகையை நிறுத்தியது அவளுக்காகவா? தன் மனசு கஷ்டப்படாமல் இருப்பதற்காக. இருபத்தைந்து வருஷத்துக்கு மேலாகிவிட்டது, என் எண்ணம் மாறவில்லை.

சம்பளமில்லாத நீண்ட லீவு எழுதிக் கொடுத்தேன். எக்ஸ்சேஞ்சில் எல்லோரும் திகைத்தார்கள். மிஷின் வந்து எங்கள் வேலையைப் பிடுங்கிக்கொள்ளும் என்று பேச்சு அடிபட்ட காலம் அது, இப்போது போய் லீவா என்றார்கள். டாக்டரம்மாவிடம் போய் உண்மையைச் சொன்னேன். அவர் என்னைத் திட்டுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் திட்டவில்லை, ஆறேகால் வயது என்று மட்டும் ஒரு காகிதத்தில் எழுதினார். அது திட்டியதைவிட மோசமாக இருந்தது.

அன்றிலிருந்து நானே ஒட்டினேன். காலையில் பள்ளிக்குப் போகும் முன், பள்ளி விட்டு வந்ததிலிருந்து படுக்கும் வரை, ஞாயிற்றுக்கிழமை முழுக்க. வெறுமனே மூடினால் போதாது, கண்ணுக்கு வேலை கொடுக்க வேண்டும் என்றார்கள். பழைய பேப்பரை விரித்து, சுழி வரும் எழுத்தாகத் தேடி ஒவ்வொரு சுழிக்குள்ளும் பேனாவால் புள்ளி வைக்கச் சொன்னேன். ஆரம்பத்தில் தலைப்புச் செய்தியின் தடித்த எழுத்தில்கூடப் புள்ளி வெளியே போய் விழுந்தது. உளுந்தையும் பாசிப்பயறையும் கலந்து கொட்டிப் பிரிக்கச் சொன்னேன். ஊசியில் நூல் கோக்கச் சொன்னேன். அழுதாள். தட்டைத் தூக்கி வீசினாள். என்னை வெறுக்கிறேன் என்று சொல்ல அந்த வயதில் அவளுக்கு வார்த்தை தெரியவில்லை, நான் பக்கத்தில் வந்தாலே முதுகைக் காட்டி உட்கார்ந்துகொண்டாள். நானும் லேசுப்பட்டவள் இல்லை. கதவைச் சாத்தித் தாழ் போட்டுவிட்டு, உளுந்து பிரித்தால்தான் சோறு என்று சொன்ன நாட்களும் உண்டு. ஜன்னலுக்கு வெளியே அவள் அப்பா நின்றுகொண்டிருப்பார். உள்ளே விட மாட்டேன்.

அந்த வருஷக் கோடையில், எங்கள் ஊரில் ஒரு தோட்டத்தில் போர் போட்டார்கள். மஞ்சள் தண்ணீர் தெளிக்க அழைத்துப் போக வந்தவர்கள், பிளாஸ்திரியை எடுத்துவிட்டு அனுப்பச் சொன்னார்கள். முடியாது, வேண்டுமானால் இப்படியே வரட்டும் என்றேன். மாமனாருக்காக அப்படியே தூக்கிப் போனார்கள். போர் எவ்வளவு ஆழம் போயும் புழுதிதான் வந்தது. யோகக் கண்ணை அம்மாக்காரி கெடுத்துவிட்டாள் என்று ஊரெல்லாம் பேச்சு. மாமனார் அந்தச் செவ்வாய்க்கிழமை யாரையும் எதிரே வரச் சொல்லாமல் சந்தைக்குக் கிளம்பிப் போனார். எனக்கு நிம்மதியாக இருந்தது. பூமிக்குள் தண்ணீர் வற்றினதற்கு என் மகளின் கண்தான் கிடைத்ததா இவர்களுக்கு?

இரண்டாம் வரி வந்தது. மூன்று மாதம் கழித்து மூன்றாம் வரி. பேப்பரில் புள்ளிகள் சுழிக்குள் விழ ஆரம்பித்தன. தடித்த எழுத்திலிருந்து நடு எழுத்துக்கு வந்தோம். ஒரு ஞாயிற்றுக்கிழமை, பிளாஸ்திரியோடு ஷெட் வாசலில் நின்றவள் உள்ளே பார்த்துச் சத்தம் போட்டாள்.

"அப்பா, அந்தத் தறியில இழை அந்துபோச்சுங்க."

அறுந்து போயிருந்தது. ஒற்றை இழை. அந்தக் கண் அதைப் பார்த்திருந்தது. அவர் ஓடிப்போய்த் தறியை நிறுத்தினார். திரும்பி என்னைப் பார்த்தார், முகமெல்லாம் சிரிப்பு. நானும் சிரித்திருக்கலாம். எனக்கு உள்ளே துள்ளிக்கொண்டுதான் இருந்தது. ஆனால் அந்தச் சந்தோஷத்தில் அவருக்குப் பங்கு கொடுக்க எனக்கு மனசு வரவில்லை. குழந்தையைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்குள் போய்விட்டேன்.

நாலாம் வரி. ரொம்ப நாள் கழித்து ஐந்தாம் வரி. அதற்குள் அவளுக்கு எட்டு வயது நிறைந்துவிட்டது. வழக்கமாக ஆஸ்பத்திரிக்கு நாங்கள் இரண்டு பேர்தான் போவோம். கடைசியாகப் போனபோது, இதற்கு மேல் ஒட்டுவதா விடுவதா என்று முடிவு சொல்வார்கள் என்பது தெரிந்து, என் கணவரும் வருவதாகச் சொன்னார். வேண்டாம் என்று சொல்ல வாயெடுத்தேன். மகள் அதற்குள் அவர் கையைப் பிடித்துக்கொண்டாள்.

நாற்காலியில் அவளை உட்காரவைத்து வலது கண்ணை மூடினார்கள். அவர் அவளுக்குப் பின்னால் நின்று இரண்டு கையையும் அவள் இரண்டு தோளிலும் வைத்திருந்தார். அதில் யாருக்கும் தவறு தெரியாது, பயந்த குழந்தையின் அப்பா அப்படித்தான் நிற்பார். முதல் வரியிலிருந்து ஐந்தாம் வரி வரைக்கும் தடையில்லாமல் காட்டினாள். டாக்டரம்மா குச்சியை ஆறாம் வரியில் வைத்தார். கொஞ்சம் தயங்கினாள். பிறகு இடது பக்கம் காட்டினாள். சரி. அடுத்தது வலது. சரி. ஆறாம் வரி. எந்த மாதத்தையும் நாங்கள் தொலைக்கவில்லை, எல்லாம் திரும்பி வந்துவிட்டது என்று அந்த ஒரு நொடி நம்பினேன். டாக்டரம்மாவும் சிரித்தார்.

அடுத்த எழுத்துக்குக் குச்சி நகர்ந்தது. அப்போதுதான் என் கணவரின் விரலைப் பார்த்தேன். இடது தோளில் கட்டைவிரல் மெல்ல அழுந்தியது.

நான் வாயைத் திறப்பதற்குள் மகள் கையை மடியில் வைத்துக்கொண்டாள்.

"டாக்டரம்மா, அப்பா தோள்ல அமுக்கிக் காட்டிக் குடுக்கறாருங்க. எனக்கு இந்த வரி தெரியலீங்க."

அவர் தோளிலிருந்து கையை எடுத்தார். டாக்டரம்மா அவளிடம், உண்மையைச் சொன்னதற்காக நன்றி என்று பெரிய மனுஷியிடம் சொல்வதுபோலச் சொன்னார். ஆறாம் வரியின் மேல் ஒரு கோடு போட்டார். ஐந்து என்று எழுதினார். இந்தக் கண் இதோடு நிற்கும், ஒட்டுவதை நிறுத்திவிடலாம் என்றார்.

அந்த எட்டு மாதம் போகாமல் இருந்திருந்தால் ஆறாம் வரியும் ஏழாம் வரியும் வந்திருக்குமா என்று கேட்டேன். சொல்ல முடியாது என்றார். வந்திருக்கலாம், வராமலும் இருந்திருக்கலாம். இப்போது பெரியவர்களுக்கும் ஓரளவு பழக்க முடிகிறது, மூளை நாம் நினைத்ததைவிட இளக்கமானது என்றெல்லாம் பேசுகிறார்கள். பேசட்டும். எனக்குக் கிடைத்த பதில், சொல்ல முடியாது என்பதுதான். அதை வைத்துக்கொண்டுதான் இத்தனை வருஷம் அவரோடு ஒரே வீட்டில் இருந்திருக்கிறேன்.

நான் திரும்பிப் பார்த்தபோது அவர் அறையில் இல்லை. வெளியே நடையில் சுவரைப் பார்த்து நின்று அழுகிறார் என்று நர்ஸ் வந்து சொன்னாள். போய்ப் பாருங்கள் என்பதுபோல என்னைப் பார்த்தாள். நான் உட்கார்ந்த இடத்தை விட்டு எழுந்திருக்கவில்லை. என் மகள்தான் நாற்காலியிலிருந்து குதித்து இறங்கிப் போனாள். கதவு திறந்தே இருந்ததால் அவள் குரல் கேட்டது.

"அழுவாதீங்கப்பா. அஞ்சு வரி தெரியுதுல்லீங்க."

இழந்தவள் அவள். மன்னிக்கிற உரிமையும் அவளுடையது. அவள் மன்னித்துவிட்டாள். நான் அவர்கள் திரும்பி வரும்வரை அந்த ஆறாம் வரியைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். எனக்கு ஒவ்வொரு எழுத்தும் நன்றாகத் தெரிந்தது.